சர்க்கார் சோறு தின்பவனுக்கு ஒரு கல்

எங்கள் ஊரில் என்னை வாயாடி என்பார்கள். முன்பெல்லாம் முதுகுக்குப் பின்னால் சொன்னார்கள், இப்போது முகத்துக்கு நேராகவே சொல்கிறார்கள். சொல்லிவிட்டுப் போகட்டும். களத்தில் தானியம் அளந்துகொண்டிருக்கும்போது குறுக்கே புகுந்து அளவை நிறுத்தியவள் நான். அப்போது ஒட்டிக்கொண்ட பெயர் அது. அதைக் கழற்றிப்போட எனக்கு ஒரு நாளும் ஆசை வந்ததில்லை.

நான் பிறந்தது தலைச்சோலை, வாக்கப்பட்டது மாரமங்கலம். என் வீட்டுக்காரர் ராணுவத்தில் சிப்பாய். கல்யாண லீவு தீர்ந்ததும் ட்ரங்குப் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு பஸ் ஏறப் போனவர், அதற்குப் பிறகு வருஷத்துக்கு ஒரு தடவை இரண்டு மாத லீவில் வருவார், போவார். மீதி நாளெல்லாம் நான் மாமனார் வீட்டை ஒட்டிய தாழ்வாரத்தில் தனி அடுப்பு வைத்துக் குடித்தனம் செய்தேன். இரண்டு பிள்ளைகளும் அங்கேதான் பிறந்தன. மாமியார் நான் வருவதற்கு முன்பே போய்ச் சேர்ந்துவிட்டார். பக்கத்து அடுப்பு கொழுந்தனுடையது. அவர் காப்பி எஸ்டேட்டில் மேஸ்திரி. காலையில் ஆள் எண்ணுவதும் சாயங்காலம் ஆள் எண்ணுவதும் அவருடைய பிழைப்பு, அதனால் கணக்கில் தன்னை மிஞ்ச ஆளில்லை என்று ஒரு நினைப்பு.

அடுப்புதான் தனித்தனி. காடு பொது. ராகியும் சாமையும் போடுவோம். களை எடுக்க, கதிர் அறுக்க என்று எல்லாவற்றுக்கும் நானும் இறங்குவேன், பிள்ளையை மரத்தில் தூளி கட்டிப் போட்டுவிட்டு. அறுவடை முடிந்ததும் களத்தில் மாமனார் தானியத்தைப் பிரித்துக் கொடுப்பார். அதற்கு எங்கள் வீட்டில் ஒரு முறை இருந்தது. ஒவ்வொரு அடுப்புக்கும் களத்தில் ஓர் இடம். அந்த அடுப்பில் சாப்பிடுகிற ஒவ்வொரு வாய்க்கும் ஒரு கல். ஆணுக்குப் பெரிய கருங்கல், பெண்ணுக்கும் பிள்ளைக்கும் கூழாங்கல், பல் முளைக்காததற்குக் கல்லே கிடையாது. கல்லைப் பார்த்துப் பார்த்து வள்ளத்தால் அளந்து கொட்டுவார். வள்ளம் என்றால் நாலு படி பிடிக்கும். முதல் வள்ளத்தை ஒன்று என்று சொல்ல மாட்டார், ‘லாபம்’ என்பார். அதைச் சொல்லிவிட்டால் கடைசி வள்ளம் விழுகிறவரை யாரும் வாயைத் திறக்கக் கூடாது. திறந்தால் பொலி நிற்காது, தானியம் பெருகாது என்பார்கள். பெண்கள் களத்துக்கு வெளியே நிற்போம்.

என் அடுப்பின் இடத்தில் கூழாங்கல் மட்டும்தான் கிடந்தது. என் வீட்டுக்காரருக்குக் கல் இல்லை. கேட்டால் மாமனார் சொல்வது ஒன்றுதான்.

“அவனுக்குத்தான் சர்க்காரு சோறு போடுதே சாமி. இங்க எதுக்கு?”

முதல் வருஷம் எனக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. ஆளே இல்லை, வாய்க்கு எங்கே போவது என்று இருந்துவிட்டேன். பிறகு அவர் லீவில் வந்தார். மலையில் பிறந்தவர், வருஷமெல்லாம் ராகிக்களிக்கு ஏங்கிக் கிடந்தவர். வட்டலில் களி உருண்டையைப் போட்டு அவரைக்காய்க் குழம்பை ஊற்றினால் நிமிர்ந்து பார்க்காமல் சாப்பிடுவார். எனக்குப் பார்க்கப் பார்க்கப் பெருமையாக இருந்தது. அவர் போன பிறகு தானியம் வைக்கிற மொடாவுக்குள் கையை விட்டால் கை அடி வரைக்கும் போகிறது. அடுத்த அறுப்புக்கு இன்னும் எத்தனையோ மாசம் இருக்கிறது.

இதில் வேடிக்கை என்னவென்றால், லீவில் வந்தாலும் அவருக்குச் சர்க்கார்தான் சோறு போடுகிறது என்று அந்த வீடே நம்பிக்கொண்டிருந்தது. காரணம் அந்த ட்ரங்குப் பெட்டி. வரும்போது ஜாம் டப்பா, பால் டப்பா, பிஸ்கட் எல்லாம் அதில் இருக்கும். கேன்டீனில் தன் சம்பளக் காசைப் போட்டு வாங்கி வந்தது. ஆனால் கொழுந்தன் பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டு, “ரெண்டு மாசத்துக்கு உண்டானத சர்க்காரு கையோட குடுத்து உட்டுருக்குது பாருங்க” என்று ஊரைக் கூட்டிச் சொன்னார். அந்த ஜாம் டப்பாவை அவர் பிள்ளைகள்தான் இரண்டே நாளில் நக்கித் தீர்த்தன. ரொட்டியில் தடவ வேண்டியதை ஆம்பளை ஒருத்தர் இரண்டு மாசம் சோறாகத் தின்ன முடியுமா என்று யாரும் யோசிக்கவில்லை.

மூன்றாம் வருஷம் மொடா சீக்கிரமே காய்ந்துவிட்டது. வேறு வழியில்லாமல் ஏற்காட்டுக்கு பஸ் ஏறி, பாய் கடையில் ராகி வாங்கப் போய் நின்றேன். அவர் எங்கள் ஊர் மிளகை வாங்குகிறவர், எல்லோரையும் தெரிந்தவர்.

“ஏம்மா, காட்டுல ராகி வெளையற ஊட்டுக்காரங்க கடையில வந்து ராகி கேக்கறீங்க?” என்றார்.

“மாடு தின்னுபோட்டுதுங்க பாய்” என்றேன்.

“அவ்வளவு பெரிய மாடுங்களா?” என்று கேட்டுவிட்டுத் தராசை எடுத்தார். நல்ல மனுஷர், அதற்கு மேல் கேட்கவில்லை. ஆனால் ராகிப் பையை மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் உட்கார்ந்திருந்தபோது எனக்கு உடம்பெல்லாம் பற்றி எரிந்தது. எங்கள் பக்கத்தில் விதைத்தவள் கடையில் தானியம் வாங்குவதைப் போல ஒரு கேவலம் கிடையாது.

அந்த வருஷம் மாமனார் இன்னொன்றும் சொல்லியிருந்தார். அறுப்பு முடிந்ததும் ஊர்க்கவுண்டரை வைத்துக் காட்டைப் பிரித்துவிடப் போவதாக. களத்தில் கருங்கல் இருக்கிற அடுப்புக்குத்தான் காட்டில் பங்கு, அது எங்கள் வழக்கம். கொழுந்தன் அடுப்பில் கருங்கல் இருந்தது. என் அடுப்பில் இல்லை. அதாவது அந்தக் களத்தில் என் வீட்டுக்காரருக்கு ஒரு கல் விழாவிட்டால், பட்டாளத்திலிருந்து திரும்பி வருகிற மனுஷனுக்கு நிற்க ஒரு பிடி மண் இருக்காது. எனக்கு அதுதான் தூக்கத்தைக் கெடுத்தது.

அந்தத் தடவை அவருக்கு லீவு அறுப்புச் சமயத்தில் கிடைத்தது. வந்த மறுநாள், களி தின்று கொண்டிருந்தவரிடம் ராகி வாங்கிய கதையைச் சொன்னேன். அவர் களியைப் பிட்ட கை அப்படியே நின்றது.

“அங்க உங்களுக்கு எப்படிங்க சோறு போடறாங்க? சும்மா கேக்கறேன், சொல்லுங்க” என்றேன்.

“தெனம் காத்தால எத்தன பேரு இருக்கறாங்கன்னு எண்ணுவாங்க புள்ள. அதுக்குத் தக்கனதான் ஸ்டோர்ல அரிசி எடுப்பாங்க. நம்ம பக்கத்து ஆளுகளுக்கு அரிசி, வடக்கத்தி ஆளுகளுக்கு ஆட்டா. கறி உண்ணாதவனுக்கு அதுக்கு ஈடாப் பாலு. பருப்பு, எண்ண, சக்கர, உப்பு, எல்லாத்துக்கும் ஆளுக்கு இவ்வளவுன்னு எடை இருக்குது. மேல பனியில நிக்கறவனுக்கு அந்த எடையே வேற.”

“சரி. நீங்க இங்க வந்துட்டீங்க. உங்க பங்கு அரிசிய அங்க யாரு உண்பாங்க?”

“யாரும் உண்ண மாட்டாங்க. லீவுல கெளம்பற அன்னைக்கே எம் பேருக்கு அரிசிய நிறுத்திப்போடுவாங்க. அந்தச் சாமானுக்கு என்ன வெலையோ அதக் கணக்குப் போட்டு, நாளுக்கு இவ்வளவுன்னு காசா எஞ் சம்பளத்துல சேத்திருவாங்க. ரேஷன் காசும்பாங்க. ஊட்ல போயி உண்டுக்கோன்னுதான் அது. வெலைவாசி ஏறுனா அதையும் கொஞ்சம் ஏத்துவாங்க.”

நான் மறுபடி சொல்லச் சொன்னேன். மறுபடி சொன்னார். எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. எங்கேயோ பனிமலையில், இவர் முகத்தைக்கூடச் சரியாகப் பார்த்திராத ஒரு கிளார்க், காலையில் எழுந்ததும் இந்த மனுஷனுக்கு வாய் இருக்கிறது என்று எழுதுகிறான். ஊருக்குப் போனால், அந்த வாய் ஊரில் சாப்பிடும் என்று அதற்கும் காசு எழுதுகிறான். பெற்ற அப்பனுக்கு மட்டும் அது தெரியவில்லை!

“களத்துல கேளுங்க. உங்களுக்கு ஒரு கல்லு வெக்கச் சொல்லுங்க” என்றேன்.

“அப்பாகிட்டயா? உடு புள்ள, போகுது” என்று கையைக் கழுவிக்கொண்டு எழுந்துவிட்டார். எல்லையில் துப்பாக்கி பிடித்து நிற்கிறவர், அப்பன் எதிரில் செருப்புப் போட்டு நடக்க மாட்டார். நான் என்ன செய்ய!

அதோடு விட்டாரா, அந்த ரேஷன் காசு விஷயத்தைத் தம்பியிடமும் பேச்சுவாக்கில் சொல்லித் தொலைத்திருக்கிறார். இரண்டு நாள் கழித்துக் கொழுந்தன் என் வாசலில் வந்து நின்றார். கூடவே மாமனார்.

“ஏனுங்க அண்ணி, அண்ணனுக்கு லீவு நாளுக்கெல்லாம் ரேஷன் காசு வருதாமா. அது பொதுவுக்குத்தானுங்களே சேரோணும்?”

“அது எப்படிங்க தம்பி?”

“ஊட்ல உண்டதுக்குன்னுதான குடுக்கறாங்க? அண்ணன் உண்டது நம்ம பொதுக்காட்டு ராகித் தவசமுங்களே” என்று விரலை மடக்கி நாள் கணக்குப் போட ஆரம்பித்தார். இவர் பட்டாளத்தை விட்டுக் கிளம்பிய நாளிலிருந்து அந்த விரல் மடங்கியது.

“இருங்க, இருங்க. ரயில்ல வந்த நாளையும் சேத்தறீங்களே, ரயிலுக்குள்ள நீங்களா வந்து எலை போட்டீங்க?” என்றேன்.

அவர் முகம் சுண்டிப்போனது. சில விரல்களை விரித்துவிட்டார்.

“அப்பறம், போன லீவுல தலைச்சோலையில எங்கம்மா ஊட்டுக்கு விருந்துக்குப் போயி கோழியும் சோறுமா உண்டுட்டுக் கெடந்தாரே. அந்த நாளுக்கு உண்டான காசு எங்கம்மாளுக்கு வரோணுமல்லங்க? அதையும் கழிங்க.”

இன்னும் சில விரல்கள் விரிந்தன. கடைசியில் எத்தனை நாள் என்று அவருக்கே குழம்பிப்போய்விட்டது. ஆனாலும் மனுஷர் அசையவில்லை. “எத்தன நாளோ அத்தன நாளுக்குக் குடுங்க” என்று நின்றார். மாமனார்தான் சமாதானத்துக்கு வந்தார்.

“குடுத்துரச் சொல்லு சாமி. பொதுத் தவசத்த உண்டான், பொதுவுக்குத்தான காசு.”

அன்றைக்கு நான் பதில் சொல்லவில்லை. வாயை மூடிக்கொண்டு அடுப்பைப் பார்க்கப் போய்விட்டேன். என்னைச் சரியாகத் தெரிந்தவர்களாக இருந்தால் அவர்கள் அப்போதே கொஞ்சம் பயந்திருப்பார்கள்.

அளக்கிற நாள் நல்ல வெயில். காலைப் பனி விலகி, சவுக்கு மரத்து மிளகுக் கொடியெல்லாம் பளிச்சென்று தெரிந்தது. களத்தைச் சாணி போட்டு நான்தான் மெழுகியிருந்தேன். ராகி நடுவில் குவிந்து கிடந்தது. காடு பிரிக்கிற பேச்சும் இருந்ததால் ஊர்க்கவுண்டர் வந்து ஒரு மரத்தடியில் உட்கார்ந்திருந்தார். மாமனார் கல் வைத்தார். கொழுந்தன் இடத்தில் கருங்கல்லும் கூழாங்கற்களும். என் இடத்தில் கூழாங்கல் மட்டும். என் வீட்டுக்காரர் எதிர்ப்பக்கம் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். நான் அவரையே பார்த்தேன், அவர் தரையைப் பார்த்தார்.

மாமனார் வள்ளத்தை முட்ட அள்ளி, “லாபம்” என்றார்.

நான் களத்துக்குள் இறங்கினேன். மடியில் முடிந்து வைத்திருந்த கருங்கல்லை எடுத்து என் கூழாங்கற்களுக்குப் பக்கத்தில் வைத்தேன். கொழுந்தன் அதைக் காலால் எற்றிவிட்டார். நான் போய் எடுத்துக்கொண்டு வந்து அதே இடத்தில் வைத்தேன். மறுபடி எற்றினார். மறுபடி வைத்தேன். வள்ளத்தைக் கவிழ்க்கவும் முடியாமல் வைக்கவும் முடியாமல் மாமனார் நின்றார். அளக்கும்போது பேசக் கூடாதே, அதனால் திட்டவும் முடியவில்லை. முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடித்தது.

“ஏனுங்க மாமா,” என்று நான்தான் வாயைத் திறந்தேன். களத்தைச் சுற்றி நின்ற பெண்கள், “ஆத்தாடி!” என்றார்கள். “முந்தாநாளு எங்க ஊட்டுக்காரரு பொதுத் தவசத்த உண்டாருன்னு காசு கேட்டீங்க. இன்னைக்கு அவருக்கு வாயில்லேன்னு கல்லு இல்லேங்கறீங்க. வாயே இல்லாத ஆளு எப்படிங்க உண்டாரு?”

கொழுந்தன் அப்பனைப் பார்த்தார்.

“வாயி இருக்குதுன்னா கல்லு வெய்யுங்க. இல்லேன்னா அந்தக் காசப் பத்திப் பேசாதீங்க. ரெண்டுல ஒண்ணுதானுங்க. சோத்துக்குக் காசு கேக்கறப்ப ஒரு கணக்கு, காட்டுக்கு ஒரு கணக்கா? நல்லாயிருக்குதுங்க உங்க நாயம்!”

“பொம்பள களத்துல பேசறா, பாத்துட்டு நிக்கறீங்களா அண்ணா?” என்று கொழுந்தன் கத்தினார். மரத்தடியிலிருந்து கவுண்டர் எழுந்து வந்தார். என்னைப் பார்க்கவில்லை, நேராக என் வீட்டுக்காரரிடம் போனார்.

“ஏப்பா, நீ லீவுல வந்துட்டீன்னா அங்க உஞ் சோத்த என்ன பண்ணுவாங்க?”

இந்த மனுஷன் இப்போதும் ‘உடுங்க, போகுது’ என்று சொன்னால், சத்தியமாக அன்றைக்கே நான் தலைச்சோலைக்கு நடையைக் கட்டியிருப்பேன். அவர் அப்பனைப் பார்த்தார். பிறகு கட்டிய கையை அவிழ்த்தார்.

“நிறுத்திப்போடுவாங்கங்க. ஊட்ல உண்டுக்கோன்னு காசாக் குடுத்துருவாங்க. இங்க வர்ற நாளைக்கு நான் இந்த ஊட்டுச் சோறுதானுங்க உண்கறேன். டப்பாவெல்லாம் எங் காசுல வாங்குனது.”

கவுண்டருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. மாமனார் பக்கம் திரும்பினார்.

“ஏனுங்க மச்சான், சர்க்காரே உங்க பையனுக்கு உங்க ஊட்ல ஒரு வாயி இருக்குதுன்னு ஒத்துக்கிட்டுக் காசு குடுக்குது. நீங்க ஒரு கல்லு குடுக்க யோசிக்கறீங்களே!”

மாமனார் நான் வைத்த கருங்கல்லைப் பார்த்தார். பிறகு, “சரி, இருக்கற ரெண்டு மாசத்துக்கு மட்டும் அளந்து போடறேன்” என்றார். பட்டாளத்துக்காரனைப் பெற்றவர் அல்லவா, அவரும் நாள் கணக்குக்கு வந்துவிட்டார்.

“அளவு உங்க இஷ்டமுங்க மாமா. எத்தன வள்ளமோ போடுங்க. கல்லு மட்டும் எடுக்க மாட்டேன்” என்று சொல்லிவிட்டு வெளியே வந்து நின்றேன். வள்ளத்தில் அள்ளியிருந்த ராகியைக் குவியலில் திருப்பிக் கொட்டி, முதலிலிருந்து “லாபம்” சொல்லி அளந்தார். குரல் கரகரத்தது. என் வீட்டுக்காரருக்கு விழுந்த தானியம் கொஞ்சம்தான். ஆனால் காடு பிரித்தபோது அந்தக் கல் பேசியது. மேல்புறத்துக் கல்லாங்காட்டை எங்கள் தலையில் கட்டினார்கள், நல்ல மண்ணெல்லாம் கொழுந்தனுக்குப் போனது. வாங்கிக்கொண்டேன். என் வீட்டுக்காரர் பென்ஷனில் வந்ததும் அந்தக் கல்லையெல்லாம் பெயர்த்து வரப்புக் கட்டி, காப்பியும் மிளகும் வைத்தார். ரேஷன் காசிலிருந்து ஒரு நயா பைசா நான் யாருக்கும் கொடுக்கவில்லை.

ரொம்ப நாள் மாமனார் என்னோடு பேசவில்லை. நானும் போய்க் கெஞ்சவில்லை. பிரிக்கும்போது தனக்கென்று அவர் ஒரு துண்டுக் காடு வைத்துக்கொண்டிருந்தார். வயசாகி அவரால் முடியாமல் போனபோது அதை இரண்டு மகன்களும் சேர்ந்து பாடுபட்டார்கள். அவர் ஒரு மாசம் அங்கே, ஒரு மாசம் எங்கள் வீட்டில் என்று முறை வைத்துச் சாப்பிட்டார். அந்தத் துண்டில் விளைந்த ராகியைப் பிரிக்க, ஒரு தை மாசம் மறுபடி களத்தில் கூடினோம். வள்ளம் இப்போது கொழுந்தன் கையில். அவர் அடுப்புக்குக் கல் வைத்தார். எங்கள் அடுப்புக்கும் வைத்தார், கருங்கல்லோடு. வைத்துவிட்டு அள்ளக் குனிந்தார்.

“மாமாவுக்குக் கல்லு எங்கீங்க?” என்றேன்.

“அப்பாவுக்கு எதுக்குங்க அண்ணி? அவருக்குத்தான் நாம ரெண்டு பேரும் சோறு போடறமே.”

களத்து ஓரத்தில் கம்பளியைப் போர்த்திக்கொண்டு மாமனார் உட்கார்ந்திருந்தார். அந்தக் காடு அவருடையது. அந்த வள்ளம் அவருடையது. அவர் தரையைப் பார்த்தார், அன்றைக்கு என் வீட்டுக்காரர் பார்த்த மாதிரியே.

நான் களத்தில் இறங்கினேன். இதைப் பாசம் என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். அந்தக் கிழவர் எனக்குச் செய்ததை நான் மறக்கவும் இல்லை, மன்னிக்கவும் இல்லை. ஆனால் சோறு போடுகிறவன் எவனாக இருந்தாலும் தின்கிறவனுக்கு ஒரு வாய் உண்டு, அந்த வாய்க்கு ஒரு பங்கு உண்டு. அவருக்கும் அதே கணக்குதான். வேலியோரம் கிடந்ததில் பெரிய கருங்கல்லாகப் பார்த்துத் தூக்கிக்கொண்டு வந்து, இரண்டு அடுப்புக்கும் நடுவில் தனியாக வைத்தேன்.

“எடுங்க அண்ணி அத” என்றார் கொழுந்தன்.

“எத்திப் பாருங்க தம்பி” என்றேன்.

அவர் தன் அண்ணனைப் பார்த்தார். என் வீட்டுக்காரர் இந்தத் தடவை தரையைப் பார்க்கவில்லை. கொழுந்தன் வள்ளத்தை அள்ளி, வாயைத் திறக்காமல் அப்படியே நின்றார். எவ்வளவு நேரம்தான் நிற்பார்!

களத்து ஓரத்திலிருந்து, கரகரத்த அந்தப் பழைய குரலில், மாமனார்தான் சொன்னார்.

“லாபம்.”